என் கல்யாணத்துக்கு நானே பாட்டு

"உங்களுக்கு ஒண்ணுமே தெரிய வேண்டாம் மேடம். நீங்க வந்து ஆடினா போதும். மத்ததெல்லாம் நான் பாத்துக்கறேன்."

இப்படிச் சொல்லித்தான் அந்த டிஜே தன் வாய்ப்பைத் தானே கெடுத்துக்கொண்டார். நல்ல மனிதர்தான். என் வருங்கால நாத்தனார் தேடிப் பிடித்துக் கூட்டிக்கொண்டு வந்தவர். ஆனால் என்னைப் பார்த்து ஒன்றும் தெரிய வேண்டாம் என்றால் எனக்கு எப்படி இருக்கும்? மருந்து டப்பாவுக்கும் பிஸ்கட் பெட்டிக்கும் அட்டை அச்சடிக்கிற தொழிற்சாலையில் பதினோரு வருஷமாக நாலு கலர் மிஷின் ஓட்டுகிறவள் நான். மணிக்குப் பத்தாயிரம் அட்டை. சிவப்பு ஒரு மயிரிழை தள்ளி விழுந்தாலும் மிஷினில் விளக்கு எரிவதற்கு முன்னால் நான் கையைத் தூக்கிவிடுவேன். எனக்கு ஒன்றும் தெரிய வேண்டாமாம்!

"டிஜேயே வேண்டாம்," என்றேன். "என் கல்யாணத்துக்குப் பாட்டு நானே போட்டுக்கறேன்."

நாத்தனார் முகத்தில் ஈயாடவில்லை. அவர் பள்ளிக்கூட ஆசிரியை. ஒரு வகுப்பு முழுக்கக் கூச்சல் போட்டாலும் கலங்காதவர், என் ஒரு வார்த்தையில் கலங்கிப் போனார்.

"இருநூறு பேர் வர்றாங்கம்மா. அஞ்சு மணி நேரம். ஃபோன்ல நாலு பாட்டு வச்சிருக்கோம்னு எறங்கற காரியம் இல்ல இது."

"ஒருத்தர் விடாம எல்லாரையும் ஆட வைக்கறேன். பாத்துக்கிட்டே இருங்க."

வாயை விட்டுவிட்டேன். எனக்குக் கோபம் எப்போதும் மூக்கு நுனியில் தயாராக நிற்கும். தொழிற்சாலையில் எனக்கு வைத்திருக்கிற பட்டப்பெயரே சைரன். பெயர் வைத்தது யார் என்று இன்றுவரை ஒருத்தரும் ஒப்புக்கொள்ளவில்லை, ஒப்புக்கொண்டால் தெரியும் சேதி.

நான் சொன்னது அந்த அறையோடு போயிருந்தால் பிறகு மெல்லப் பின்வாங்கியிருக்கலாம். அப்பா விடுவாரா? அதே தொழிற்சாலையில் முப்பத்திரண்டு வருஷம் வேலை பார்த்து, ஃபோர்மேனாக ஓய்வு பெற்று இரண்டு வருஷம்தான் ஆகிறது. மறுநாள் காலையிலேயே தொழிற்சாலை வாசலுக்குப் போய், ஷிப்ட் மாறுகிற நேரமாகப் பார்த்து நின்றுகொண்டு, உள்ளே போகிறவன் வெளியே வருகிறவன் எல்லாரிடமும் சொல்லியிருக்கிறார். "என் பொண்ணு டிஜே எல்லாம் வேண்டாம்னுட்டா! அவளே போடறா பாட்டு! வந்து பாருங்க!" யாராவது பதிலுக்கு ஏதாவது கேட்டால் நின்று கேட்கிற வழக்கம் அவருக்குக் கிடையாது. தான் சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்டு, தோளில் ஒரு தட்டுத் தட்டிவிட்டு, அடுத்த ஆளிடம் போய்விடுவார். அப்பா எப்போதும் அப்படித்தான் என்று நினைத்திருந்தேன்.

எனக்கு மாப்பிள்ளையாக வாய்த்தவர் ஒரு மூக்குக் கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிக்கிறவர். எங்கள் ஷிப்ட் ஆட்கள் அவரைக் கண்ணாடிக்காரர் என்றே சொல்வார்கள். அவர் பேசினால் பக்கத்தில் இருக்கிறவருக்கே பாதிதான் விழும். நாங்களோ பேசுகிற பழக்கமே இல்லாதவர்கள், கத்துகிறவர்கள். குழம்புக்கு உப்பு போதுமா என்று கேட்பதையே தெருவில் போகிறவன் நின்று பதில் சொல்கிற மாதிரி கேட்போம். முதன்முதலில் எங்கள் வீட்டுக்கு வந்த அன்று, ஏதோ பெரிய சண்டை நடக்கிறது என்று நினைத்து வாசலிலேயே கால்மணி நேரம் நின்றிருக்கிறார் பாவம். உள்ளே நாங்கள் அவர் எப்போது வருவார் என்றுதான் பேசிக்கொண்டிருந்தோம்.

நாலு மாதம், ஞாயிற்றுக்கிழமை மதியங்கள் எல்லாம் பாட்டுக்கு என்று ஒதுக்கினோம். எங்கள் கூடத்தில் ஃபோனும் ஒரு ஸ்பீக்கரும். பாட்டுத் தேர்ந்தெடுக்க அவர் ஒரு முறை வைத்திருந்தார். கண்ணாடிக் கடையில் ஒரு கண்ணாடியை வைத்துப் பார்க்கச் சொல்லி, உடனே இன்னொன்றை மாற்றி, "இது தெளிவா இருக்கா, இது தெளிவா இருக்கா?" என்று கேட்பார்களே, அதே மாதிரி. ஒரு பாட்டு அரை நிமிஷம், இன்னொரு பாட்டு அரை நிமிஷம். "இதுவா... இதுவா?" ஜெயித்த பாட்டு அடுத்த பாட்டோடு மோதும். நான் ஒரு பக்கம் மல்லுக்கட்ட, அவர் ஒரு பக்கம் புன்சிரிப்போடு மல்லுக்கட்ட, நடுவில் அப்பாதான் நீதிபதி. ஜன்னலோர நாற்காலியில் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்து, தலையை ஆட்டி, தொடையில் தாளம் போட்டு, கடைசியில் கட்டை விரலைத் தூக்கிக் காட்டுவார்.

"ரெண்டுமே அருமை பாப்பா!"

அப்பா சொன்ன பிறகு அப்பீல் ஏது? இரண்டையும் எழுதிக்கொள்வேன். இப்படியே பட்டியல் வீங்கி நூற்றுப் பன்னிரண்டு பாட்டில் வந்து நின்றது. ஒரே ஒரு பாட்டைக்கூட அப்பா வேண்டாம் என்று தள்ளவில்லை. அம்மா துணி மடித்துக்கொண்டே அப்பாவை ஒரு தடவை, என்னை ஒரு தடவை பார்ப்பாள். எனக்குத் தலைகால் புரியவில்லை. பிறவியிலேயே எனக்குப் பாட்டு ரசனை இருக்கிறது, இத்தனை நாள் அட்டைக்கும் அச்சு மைக்கும் நடுவில் வீணாகப் போய்விட்டது என்றெல்லாம் நினைத்துக்கொண்டேன்.

ஓசையையும் நானே சரிசெய்தேன். ஃபோனில் அதற்கென்று ஒரு வசதி இருக்கிறது. அடித்தொனிக்கு இடது பக்கம் கோடு, உச்சத்தொனிக்கு வலது பக்கம் கோடு. எனக்குச் சதங்கையும் தாளமும் மங்கலாகக் கேட்டன. வலது பக்கத்துக் கோட்டை மேலே, மேலே, கடைசிவரை தள்ளினேன். கண்ணாடிக்காரர் இரண்டு தடவை கண்ணைக் கொட்டினார்.

"கொஞ்சம் குறைக்கலாமோ?"

"எதுக்கு? இப்பதான் பாட்டுக்கு உயிரே வருது!"

அவர் அடுத்த பாட்டைத் தட்டினார்.

ஞாயிற்றுக்கிழமை கல்யாணம். வியாழக்கிழமை மதியம் ஹாலில் ஓசை ஒத்திகை. அப்பா, அம்மா, நான், கண்ணாடிக்காரர், நாத்தனார், ஹாலைப் பார்த்துக்கொள்கிறவர், ஆக ஆறு பேர். நீளமான ஹால். கடைசியில் மரப் பலகை அடித்த மேடை. இரண்டு பக்கமும் ஆள் உயர ஸ்பீக்கர்கள், மூலையில் அடித்தொனிக்கு என்று பெட்டி மாதிரி ஒரு பெரிய ஸ்பீக்கர். ஃபோனை இணைத்தேன். மனதுக்குள் "பாருங்கடா" என்று சொல்லிக்கொண்டு முதல் பாட்டைத் தட்டினேன்.

"ஐயோ!" நாத்தனார் இரண்டு காதையும் பொத்திக்கொண்டார். "என்ன இது, காதுக்குள்ள ஊசி எறங்குது!"

ஹால்காரர் முகத்தைச் சுளித்தார். அம்மாகூடக் கண்ணை இறுக்கிக்கொண்டாள். எனக்கோ பாட்டு தேனாக இருந்தது.

"நல்லாத்தானே இருக்கு!" என்று கத்தினேன்.

"இதுவா நல்லாருக்கு? கரும்பலகைல நகத்தால கீறற மாதிரி இருக்கு!"

"உங்களுக்கு டிஜே வரலைங்கற கடுப்பு. அதை ஏன் பாட்டு மேல காட்டறீங்க?"

சொல்லியிருக்கக் கூடாது. சொல்லிவிட்டேன். நாத்தனாருக்கு முகம் சிவந்தது. கண்ணாடிக்காரர் எங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் வந்து, யார் பக்கம் திரும்புவது என்று தெரியாமல் ஸ்பீக்கரைப் பார்த்து நின்றார். அப்பா ஹால் நடுவில் ஒரு நாற்காலியில் எங்களுக்கு முதுகைக் காட்டி, மேடையைப் பார்த்து உட்கார்ந்திருந்தார். நான் விடுவிடுவென்று நடந்து அவர் முன்னால் போய் நின்றேன்.

"நீங்க சொல்லுங்கப்பா. எப்படி இருக்கு பாட்டு?"

அப்பா தலையை ஆட்டினார். தொடையில் தாளம் போட்டார். கட்டை விரலைத் தூக்கினார்.

"அருமை பாப்பா! அற்புதமா இருக்கு!"

அவர் குரல் ஹால் முழுக்க எதிரொலித்தது. அப்போதுதான் எனக்கு உறைத்தது, எதிரொலி கேட்கிற அளவுக்கு ஹால் அமைதியாக இருக்கிறது என்று. எங்கள் சண்டையைப் பார்த்து ஹால்காரர் எப்போதோ ஸ்பீக்கரை அணைத்திருக்கிறார். பாட்டே இல்லை. அப்பா இன்னும் தொடையில் தாளம் போட்டுக்கொண்டிருந்தார்.

நாத்தனார் சிரித்திருந்தால்கூட எனக்குச் சண்டை போட ஒரு பிடி கிடைத்திருக்கும். அவர் சிரிக்கவில்லை. திரும்பிக்கொண்டு கைப்பையில் எதையோ தேடினார். அம்மா அப்பா பக்கத்தில் போய் உட்கார்ந்து அவர் கையைப் பிடித்தாள். தாளம் நின்றது.

வெளியே படிக்கட்டுக்கு வந்தேன். கண்ணாடிக்காரர் பின்னாலேயே வந்தார்.

"உங்களுக்குத் தெரியுமா?"

என் பக்கத்துப் படியில் உட்கார்ந்தார். "எங்க கடையில ரெண்டு கண்ணாடியும் நல்லாருக்குன்னு சொல்றவங்களுக்கு ரெண்டுலயும் சரியா தெரியலன்னு அர்த்தம். சங்கடத்துல சொல்றதில்ல. எங்களைச் சந்தோஷப்படுத்தச் சொல்வாங்க. உங்கப்பா மூணாவது வாரமும் ரெண்டுமே அருமைன்னப்ப எனக்குச் சந்தேகம் வந்தது."

"தெரிஞ்சும் வாயை மூடிக்கிட்டு இருந்தீங்களா?"

"அவர் சொல்லச் சொல்ல உன் முகம் எப்படி இருந்தது தெரியுமா? எனக்கு மனசு வரல."

"அப்ப என் காது?"

"உனக்கு உச்சத்தொனி மட்டும் கொஞ்சம் கம்மியா கேக்குது. பதினோரு வருஷம் மிஷின் பக்கத்துல நிக்கறே. காதடைப்பான் குடுத்தா ஒண்ணைக் கழட்டி பாக்கெட்ல போட்டுக்கறேன்னு நீதானே சொன்னே."

ஆமாம், மிஷின் சத்தம் கேட்க வேண்டும் என்று ஒன்றைக் கழற்றிவிடுவேன். பெருமையாகத்தான் சொல்லியிருந்தேன். அவரைக் கடித்துக் குதறலாம் போல இருந்தது. உண்மையைச் சொன்னால், என்னையே கடித்துக் குதறலாம் போலத்தான் இருந்தது.

வீட்டுக்கு வந்ததும் அம்மாவைச் சமையலறையில் மடக்கினேன்.

"எத்தனை வருஷமா?"

"ஆறு வருஷம் இருக்கும்," என்றாள் அம்மா, இதற்காகவே காத்திருந்தவள் மாதிரி. "ஃபோர்மேனுக்குக் காது கேக்கலன்னு தெரிஞ்சா மிஷின் பக்கத்துல நிக்க விடுவாங்களா? ரிட்டயர் ஆகிற வரைக்கும் மறைச்சாரு. அப்புறம் எப்படிச் சொல்றதுன்னு தெரியாம விட்டுட்டாரு."

"என்கிட்ட பேசறாரே தினமும்?"

"உன் வாயைப் பாத்துதான். நீ கத்தற கத்துக்குக் காதுலயும் கொஞ்சம் விழும்."

"ஃபோன்ல?"

"என்னிக்கு உன்கிட்ட ஃபோன்ல பேசியிருக்காரு? உங்கம்மாகிட்ட சொல்லுன்னு என் கையில குடுத்துடுவாரு இல்ல?"

காதுக்கு வைக்கிற மிஷின் ஒன்று வாங்கி, அது அலமாரியில் கிடக்கிறதாம். வைத்துக்கொண்டால் பாத்திரம் உருளுகிற சத்தம்தான் மண்டையில் அடிக்கிறது, பேச்சு புரியவில்லை என்று மூன்றாம் நாளே கழற்றி வைத்துவிட்டாராம்.

"நாலு மாசம் ஞாயித்துக்கிழமையெல்லாம் உக்காந்திருந்தாரேம்மா."

"நீ பாட்டுப் போடறப்ப உன் மூஞ்சியைப் பாக்கறதுக்கு உக்காந்திருந்தாரு. அவருக்கு அதுவே போதும்."

எனக்குப் போதவில்லை. நன்றாக அழுதேன். அப்பாவுக்குக் கேட்டுவிடும் என்று வாயைப் பொத்திக்கொண்டு அழுதேன், கேட்காது என்ற ஞாபகம் வந்ததும் இன்னும் அழுகை வந்தது.

வெள்ளிக்கிழமை காலை நாத்தனாரிடமிருந்து ஃபோன். "நான் அந்த டிஜேகிட்ட பேசிட்டேன். ஞாயித்துக்கிழமை அவர் ஃப்ரீதான். நான் கோபத்துல சொல்லலம்மா. உன் கல்யாணம், நீ எதுக்கு இதைத் தலையில போட்டுக்கிட்டுக் கஷ்டப்படணும்?"

குரலில் உண்மையான அக்கறை இருந்தது. எனக்கும் ஒரு நிமிஷம் ஆசையாகத்தான் இருந்தது. அவர் வந்தால் இருநூறு பேரும் ஆடுவார்கள், என் மானமும் தப்பும். ஆனால் அப்பா நாற்காலியில் உட்கார்ந்து அம்மா முகத்தைப் பார்த்து, எப்போது கை தட்டுவது என்று கணக்குப் போட்டுக்கொண்டிருப்பார். ஊரையே கூப்பிட்டு "வந்து பாருங்க என் பொண்ணு பாட்டு போடறா" என்று சொன்ன மனிதர், அதில் ஒரு பாட்டுகூடக் கேட்காமல் வீட்டுக்குப் போவார். அது என் கல்யாணத்தில் நடக்கக் கூடாது. மற்றவர்கள் ஆடினாலும் சரி, ஆடாவிட்டாலும் சரி.

"சாயங்காலம் சொல்றேன்," என்று வைத்துவிட்டேன்.

அன்றுதான் விடுமுறைக்கு முன் எனக்குக் கடைசி ஷிப்ட். முதல் தடவையாக இரண்டு காதிலும் அடைப்பானை ஒழுங்காக வைத்துக்கொண்டு மிஷின் முன்னால் நின்றேன். அப்பாவுக்கு எப்படி இருக்கும் என்று பார்க்கத்தான். உலகம் பஞ்சுக்குள் போய்விட்டது. ஆனால் ஒரு மணி நேரத்தில் மூன்றாவது ரோலர் லேசாக உதறுவது எனக்குத் தெரிந்தது. காதால் இல்லை, காலால். தரை சொன்னது. நிறுத்திப் பார்த்தால், ஆமாம், ஒரு போல்ட் தளர்ந்திருந்தது.

சட்டென்று ஒரு விஷயம் பிடிபட்டது. அப்பா கடைசிக் காலத்தில் மிஷின் பக்கத்தில் வந்தால் அதன் பக்கவாட்டில் உள்ளங்கையை வைத்து ஒரு நிமிஷம் நிற்பார். பிறகு, "ரெண்டாவது ரோலரைப் பாரு," என்பார். ஒரு நாளும் தப்பியதில்லை. நாங்கள் ஃபோர்மேன் மிஷினுக்கு ஆசீர்வாதம் பண்ணுகிறார் என்று கேலி செய்வோம். நாலு வருஷம் அந்த மனிதர் காதே இல்லாமல் கையாலும் காலாலும் ஒரு தொழிற்சாலையை ஓட்டியிருக்கிறார்! அந்தப் பெருமையைச் சொல்லிக்கொள்ளக்கூட முடியாமல் உள்ளுக்குள்ளேயே வைத்துக்கொண்டு இருந்திருக்கிறார்.

நாத்தனாருக்கு ஃபோன் போட்டேன். "டிஜே வேண்டாம். ஆனா நாளைக்கு நீங்க ஹாலுக்கு வரணும். உச்சத்தொனி எனக்குச் சரியா கேக்காது. உங்க காது எனக்கு வேணும்."

இதைச் சொல்ல எனக்கு எவ்வளவு கஷ்டமாக இருந்தது என்று என்னைத் தெரிந்தவர்களுக்குத் தெரியும்.

"சரி வர்றேன். பஞ்சு எடுத்துட்டு வரலாமா?" என்றார். இரண்டு பேரும் சிரித்துவிட்டோம்.

சனிக்கிழமை ஹால்காரரைக் கெஞ்சிக் கூத்தாடி, மூலையில் இருந்த அந்தப் பெரிய அடித்தொனி ஸ்பீக்கரை மேடைமேல் ஏற்றினோம். பலகைக்கு அடியில் வெற்றிடம். ஸ்பீக்கர் உறுமினால் மேடையே உறும வேண்டும். நான் காதில் அடைப்பான் வைத்து, அதன்மேல் தொழிற்சாலையில் வாங்கி வந்த பெரிய காதுக்கவசத்தையும் மாட்டிக்கொண்டு, வெறுங்காலோடு மேடையில் ஒரு நாற்காலியில் உட்கார்ந்தேன். நாத்தனார் கீழே நடு ஹாலில். கண்ணாடிக்காரர் ஃபோனோடு எங்கள் இரண்டு பேருக்கும் நடுவில் ஓடிக்கொண்டிருந்தார்.

ஒவ்வொரு பாட்டாக வந்தது. பாட்டு காலில் ஏறினால் நான் கையைத் தூக்குவேன். ஏறாவிட்டால் அந்தப் பாட்டு அந்த இடத்திலேயே அவுட். நாலு மாதம் உருகி உருகிச் சேர்த்த பாட்டெல்லாம் வரிசையாகச் செத்து விழுந்தன. வயலினாக இழைகிற பாட்டு, மூச்சுவிடாமல் பாடுகிற பாட்டு, எதுவும் காலுக்கு வந்து சேரவில்லை. முரசு நின்று அடிக்கிற பாட்டு வந்தது. நிதானமாக, இடைவெளி விட்டு, கனமாக அடிக்கிற பாட்டு பிரமாதமாக வந்தது. பாதத்தில் தொடங்கி முழங்கால் வரை ஏறியது. கீழே நாத்தனார் வகுப்பு நடத்தினார். கோட்டை ஏற்றி இறக்கி, "இதுவா, இதுவா?" என்று கண்ணாடிக்காரர் கேட்க, "பத்துக்கு ஆறு. இன்னும் கொஞ்சம் இறக்கு. ம், எட்டு. அடிச்சத்தம் ரொம்பப் போகுது, அஞ்சு," என்று மதிப்பெண் போட்டார். ஒரு பாட்டுக்குக்கூடப் பத்து தரவில்லை, கஞ்சத்தனம்.

மாலை ஐந்து மணிக்கு நூற்றுப் பன்னிரண்டில் பத்தொன்பது மிஞ்சியது. மீதியைச் சாப்பாட்டு நேரத்துக்கு மெல்ல ஓட விடுவது, சாப்பாடு முடிந்ததும் இந்தப் பத்தொன்பது என்று முடிவு செய்தோம். நாத்தனார் பட்டியலை ஒரு தடவை படித்தார்.

"டிஜே இதைப் பண்ணியிருக்க மாட்டாரு," என்றார். நான் அதை அவர் வாயால் இன்னொரு தடவை சொல்ல வைத்தேன்.

கல்யாணம் காலையில் நன்றாக முடிந்தது. மதியச் சாப்பாடும் முடிந்தது. இரண்டரை மணிக்குப் பத்தொன்பதில் முதல் பாட்டைத் தட்டினேன். எங்கள் ஷிப்ட் ஆட்கள்தான் முதலில் எழுந்தார்கள். மிஷின் பக்கத்தில் வளர்ந்த கூட்டம், இந்த அடி கேட்டதும் சும்மா இருக்குமா? அவர்கள் பின்னால் பள்ளிக்கூட ஆசிரியைகள், கண்ணாடிக் கடை ஆட்கள், மாமாக்கள், சித்திகள். நாத்தனார் புடவையைச் செருகிக்கொண்டு இறங்கியதைப் பார்த்து அவர் வீட்டுக்காரரே வாயைப் பிளந்தார். பத்து நிமிஷத்தில் நாற்காலிகள் எல்லாம் காலி.

அப்பாவையும் அம்மாவையும் மேடையில் பெஞ்சு போட்டு உட்கார வைத்திருந்தேன். அப்பாவிடம் நான் எதையும் சொல்லவில்லை. எப்படிச் சொல்வது, எனக்குத் தெரிந்துவிட்டது என்று? நான் கீழே ஆடிக்கொண்டே அவரைப் பார்த்தேன். அப்பா தலையை ஆட்டிக்கொண்டிருந்தார். முரசு ஒரு பக்கம் போனது, அவர் தலை ஒரு பக்கம் போனது. நடு நடுவில் அம்மா முகத்தைப் பார்த்துக்கொண்டார். இரண்டு பாட்டு போய்விட்டது. இருநூறு பேரும் ஆடுகிறார்கள், அப்பாவுக்கு மட்டும் பாட்டு வந்து சேரவில்லை. எங்கே தப்பு? பிறகுதான் அவர் காலைப் பார்த்தேன். புது ஷூ. அரை அங்குல ரப்பர் அடிப்பாகம். அடப் பாவி சைரனே, வெறுங்காலோடு உட்கார்ந்து பார்த்தது நீ, உன் அப்பாவுக்கு ஷூ வாங்கிக் கொடுத்ததும் நீ!

மேடையில் ஏறி, கல்யாணப் புடவையோடு அவர் காலடியில் உட்கார்ந்து கயிற்றை அவிழ்த்தேன்.

"என்ன பாப்பா பண்றே! எல்லாரும் பாக்கறாங்க!"

நிமிர்ந்து அவர் முகத்துக்கு நேராகச் சொன்னேன். "புது ஷூ கடிக்கும்பா. கழட்டுங்க."

சாக்ஸையும் உருவினேன். இரண்டு பாதத்தையும் எடுத்துப் பலகையில் வைத்தேன்.

அப்பாவின் தலையாட்டல் நின்றது. பயந்துவிட்டேன். அவர் தரையைப் பார்த்தார். மெல்லக் குனிந்து, மிஷினில் வைப்பது போலவே உள்ளங்கையைப் பலகையில் வைத்தார். அப்படியே கொஞ்ச நேரம் இருந்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"ஓடுது," என்றார்.

எனக்குத் தெரிந்துவிட்டது என்று அவருக்கும் தெரிந்துவிட்டது. வலது கால் தட்டத் தொடங்கியது. முரசு எங்கே விழுந்ததோ அங்கேயே விழுந்தது, ஒரு இம்மி பிசகவில்லை. அடுத்த பாட்டிலும் அப்படித்தான். அம்மா பக்கம் அவர் திரும்பவே இல்லை. அம்மா முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டு, "போ, போய் ஆடு," என்று என்னை விரட்டினாள்.

கீழே இறங்கி ஆடினேன். பெருமையில் கால் தரையில் பாவவில்லை. அதற்கடுத்து என் செல்லப் பாட்டு வந்தது. இதில் ஒரு திருட்டுத்தனம் இருக்கிறது, ஒப்புக்கொள்கிறேன். அந்தப் பாட்டு சனிக்கிழமை என் காலில் சரியாக ஏறவே இல்லை. ஆனாலும் ஆசையில் கையைத் தூக்கிவிட்டேன். என் கல்யாணம், எனக்கென்று ஒரு பாட்டு இருக்கக் கூடாதா? கண்ணாடிக்காரர் என் கையைப் பிடித்துக்கொண்டு வெட்கத்தோடு ஆடத் தொடங்கினார்.

"பாப்பா!"

ஹாலே திரும்பிப் பார்த்தது. அப்பா மேடையில் எழுந்து நின்று, நாலு மிஷின் ஓடுகிற இடத்தில் கூப்பிடுகிற குரலில் கூப்பிட்டார். இரண்டு கையையும் வீசினார்.

"என்ன பாட்டு இது? சுத்த மோசம்! ரோலர் லூசான மாதிரி நடுவுல நடுவுல நழுவுது! எடு இதை! இதுக்கு முன்னாடி ஒண்ணு ஓடுச்சே, அதைப் போடு!"

ஆடிக்கொண்டிருந்தவர்கள் நின்றுவிட்டார்கள். நாத்தனார் மூச்சு வாங்க ஓடி வந்து என் தோளைப் பிடித்தார். "என்னம்மா ஆச்சு? ஏன் சத்தம் போடறாரு உங்கப்பா?"

எனக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தன. இருநூறு பேருக்கும் கேட்கட்டும் என்று, என் குரல் மொத்தத்தையும் எடுத்துச் சொன்னேன்.

"எங்கப்பாவுக்கு இந்தப் பாட்டு பிடிக்கலையாம்!"